சிற்றாற்றில் போன முகம்

பூரணத்தின் மூக்கில் இளசான இரண்டு பப்பாளித் தண்டுகளை மெதுவாகச் செருகினேன். "இனிமே பேசக் கூடாதும்மா. சிரிக்கக் கூடாது. அழுதாலும் அச்சு கெட்டுப்போகும். மூச்சு மட்டும் விட்டுக்கிட்டுக் கெட" என்றேன்.

குற்றாலத்தில் சினிமாக் கம்பெனி வாடகைக்கு எடுத்திருந்த பங்களாவின் பின்கட்டு அது. வெளியே சாரல். சுவரில் கையை வைத்தால் பேரருவியின் அதிர்வு உள்ளங்கையில் தெரியும். பெஞ்சில் படுத்திருந்தவளின் முகத்தில் தேங்காய் எண்ணெய் தடவி, பாரிஸ் சாந்தைக் குழைத்து, நெற்றியிலிருந்து பூசிக்கொண்டு வந்தேன். புருவம் போனது. கண் போனது. வாய் போனது. கடைசியில் வெள்ளையாக ஓர் உருண்டையும், அதிலிருந்து நீட்டிக்கொண்டிருந்த இரண்டு பச்சைத் தண்டுகளும்தான் மிச்சம். தண்டின் நுனியில் விரலை வைத்துப் பார்த்தேன். சூடாக மூச்சு வந்து போனது.

சமையல்காரர் ராமையா காப்பி கொண்டு வந்தவர், வாசலிலேயே நின்றுவிட்டார். "அண்ணாச்சி, உயிரோட இருக்கிற பிள்ளைக்கு இதெல்லாம் செய்யலாமா?" என்று கேட்டுவிட்டு, டம்ளரைத் தரையில் வைத்துவிட்டுப் போனார். உள்ளே வரவே இல்லை.

இறுகும்போது சாந்து தானாகச் சூடாகும். அப்புறம் குளிர்ந்துவிடும். குளிர்ந்ததும் அசைத்து அசைத்து எடுத்தேன். பூரணம் எழுந்து உட்கார்ந்து, அச்சின் உள்பக்கத்தை எட்டிப் பார்த்தாள். இடதுபக்கம் தலையைச் சாய்த்தாள். வலதுபக்கம் சாய்த்தாள். அப்புறம் சுவரோரமாக நகர்ந்துகொண்டாள்.

"அண்ணாச்சி, அது கண்ணை மூடிக்கிட்டே என்னையப் பாக்குது."

அவள் சொன்னது பொய்யில்லை பிள்ளைகளா. முகத்தின் அச்சைக் கையில் எடுத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். குழிந்த பக்கம் ஒரு கட்டத்தில் குழிவாகத் தெரியாது, மேடாகத் தெரியும். நாம் எந்தப் பக்கம் நடந்தாலும் அந்த முகமும் கூடவே திரும்பும். ஏன் அப்படி என்று எனக்குச் சொல்லத் தெரியாது. ஆறாம் வகுப்போடு நின்றவன் நான். பார்த்ததைத்தான் எழுதுகிறேன்.

பெரியவள் கேட்ட கேள்வி

போன வாரம் நான் எழுதிய, தாடி ஒட்டுகிற சங்கதியைப் படித்துவிட்டு, "இத்தனை வருஷத்துல நீங்க போட்ட மேக்கப்புல எதுப்பா ஒசத்தி?" என்று என் பெரிய மகள் கேட்டாள். ராஜா வேஷம், அரக்கன் வேஷம் என்று ஏதாவது சொல்வேன் என்று நினைத்திருப்பாள். ஆனால் நான் ஒசத்தி என்று நினைக்கிற மேக்கப் எந்தப் படத்திலும் இல்லை. வெயிலில்லாத ஒரு பகலில், சுந்தரபாண்டியபுரத்தில், ஒரு வேளைச் சாப்பாட்டு நேரத்துக்கு மட்டும் இருந்த மேக்கப் அது.

பூரணம் சரி என்று சொன்ன பிறகுதான் எழுதுகிறேன். பெயர்களை மாற்றியிருக்கிறேன்.

பொம்மை எதற்கு?

அப்போது மெட்ராஸில் ஒரு ஸ்டூடியோவில் மாதச் சம்பளத்துக்கு இருந்தேன். சொந்த ஊர் செங்கோட்டைப் பக்கம் என்பதால், குற்றாலத்தில் அவுட்டோர் என்றதும் என்னைத்தான் அனுப்பினார்கள். கதாநாயகி அருவி உச்சியிலிருந்து விழுந்து சாகிற காட்சி. விழுவதற்கு ஒரு பொம்மை வேண்டும். விழுந்த பிறகு தண்ணீரில் மிதக்கிற அதன் முகத்தைக் கிட்டத்தில் காட்ட வேண்டும் என்று டைரக்டர் பிடிவாதமாக இருந்தார்.

கிட்டத்தில் காட்டுவதென்றால் வெறும் துணிப் பொம்மை போதாது. மனித முகத்தில் அச்செடுக்க வேண்டும். கதாநாயகி மாட்டேன் என்றுவிட்டார். "கல்யாணம் ஆகாத பொண்ணு மூஞ்சியில சுண்ணாம்பைப் பூசி, மூக்குல குழாயைச் சொருகுவீங்களா? நல்லா இருக்கே உங்க நியாயம்!" என்று அவருடைய தாயார் சண்டைக்கு வந்தார்.

பூரணம் சமையலறையில் மாவாட்ட வந்து சேர்ந்தவள். எந்த ஊர், என்ன உறவு என்று ராமையா கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. சேலைத் தலைப்பைக் கழுத்தைச் சுற்றி எந்நேரமும் இழுத்துவிட்டிருப்பாள். கன்ன எலும்பும் தாடையும் கதாநாயகிக்கு அளவெடுத்தது போல ஒத்திருந்தன. கேட்டேன். சரி என்றாள்.

அச்செடுக்கும்போதுதான் தலைப்பை விலக்கினாள். இடது காதுக்குக் கீழே, தாடையை ஒட்டி, பிறை மாதிரி ஒரு தழும்பு.

"என்னம்மா இது?"

"கரண்டிச் சூடு."

"அடுப்புல பட்டுட்டா?"

"அடுப்புல காய வச்சு, வீட்டுக்காரரு வச்சது" என்றாள். ஊரில் மழை பெய்தது என்று சொல்கிற மாதிரிச் சொன்னாள். அவள் அந்த வீட்டை விட்டு வந்தவள் என்று அப்போதுதான் தெரிந்தது. அதற்கு மேல் நான் கேட்கவில்லை.

அச்சில் அந்தத் தழும்பும் விழுந்தது. அச்சுக்குள் துணியும் பசையுமாக அடுக்கி, மேலே தேன்மெழுகு பூசி முகம் எடுத்தேன். உடம்புக்குக் கல்யாண முருங்கைக் கட்டை, தண்ணீரில் மிதக்கும். தழும்பை வழித்துவிடலாம் என்று கத்தியை எடுத்தபோது டைரக்டர் கையைப் பிடித்துக்கொண்டார். "அது இருக்கட்டும்யா. அதுதான் உசிரோட இருந்த பொண்ணு மாதிரி காட்டுது" என்றார்.

செத்தவர்கள் சிரிக்க வேண்டும்

இங்கே ஒரு பழக்கத்தைச் சொல்லிவிட வேண்டும். சினிமாவில் பிணமாக நடிக்கிறவர், அந்த ஷாட் முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரிக்க வேண்டும். அதையும் ஓரடி பிலிம் ஓட்டிப் படம் பிடிப்பார்கள். 'நான் சாகவில்லை' என்று கேமராவிடம் சொல்லிவிடுவதாகக் கணக்கு. பெரிய பெரிய நடிகர்கள்கூடச் சிரிக்காமல் பாடையை விட்டு இறங்க மாட்டார்கள்.

நான் தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு வயதான நடிகருக்குப் பிணத்துக்கான மேக்கப் போட்டேன். கறுப்பு வெள்ளைப் படத்துக்கு அது தனி ஜாலம். உதட்டுக்குச் சாம்பல் நிறம், கண்ணுக்குக் கீழே பச்சை. நேரில் பார்த்தால் கோமாளி மாதிரி இருக்கும். படத்தில் பார்த்தால் குலை நடுங்கும். ஷாட் முடிந்தும் அவர் எழவில்லை. தூங்கிவிட்டார். உலுக்கி எழுப்பிச் சிரிக்கச் சொன்னால், "சாப்பாடு வந்துட்டுதா?" என்று கேட்டார். அதற்கு எல்லோரும் சிரித்தார்கள், அவரைத் தவிர. "சிரிச்சுருங்கண்ணே, சிரிச்சுருங்க" என்று கேமராமேன் கும்பிடாத குறையாகக் கேட்டு வாங்கினார்.

பொம்மை தயாரானதும் அதே கேமராமேன் என்னைத் தனியே கூப்பிட்டார். "பொம்மை எப்படிய்யா சிரிக்கும்? மூஞ்சிக்குச் சொந்தக்காரியைக் கூப்பிட்டுச் சிரிக்கச் சொல்லுவோமா?"

பூரணத்தைக் கூட்டிவந்து நிறுத்தினோம். அவள் கேமராவைப் பார்த்தாள். உதடு லேசாக நகர்ந்தது. அவ்வளவுதான்.

"வரமாட்டேங்குது அண்ணாச்சி. ரொம்ப நாளாச்சு" என்றாள்.

பேரருவியில்

பொம்மையைத் தள்ளிய அன்று மலைக்கு மேலே நல்ல மழை போலிருக்கிறது. தண்ணீர் செம்மண் நிறத்தில் வந்துகொண்டிருந்தது. மேலிருந்து பொம்மை புறப்பட்டதைப் பார்த்தோம். சேலை விரிந்து, ஒரு பாறையில் பட்டு, பொங்குமாங்கடல் என்கிற மடுவுக்குள் விழுந்தது. கீழே ஆட்கள் கயிற்றோடு நின்றார்கள்.

அது மேலே வரவில்லை.

சாயங்காலம் வரை தேடினார்கள். கட்டை மிதக்கத்தானே வேண்டும்? எங்கே சொருகிக்கொண்டது, எப்போது விடுபட்டது, யாருக்கும் தெரியாது. டைரக்டர் தலையில் கையை வைத்துக்கொண்டார். கிட்டத்து ஷாட் எடுக்காமலே போயிற்று. படத்தில் ஓர் அலறலோடு காட்சியை முடித்துவிட்டார்கள்.

பங்களாவுக்குத் திரும்பினால் பூரணம் அடுப்படியில் போர்த்திக்கொண்டு படுத்திருந்தாள். பகலில் திடீரென்று குளிர்க் காய்ச்சல் என்றார் ராமையா. "அண்ணாச்சி, அது கெடைச்சுட்டா?" என்று கேட்டாள். இல்லை என்றேன். "அப்ப அது எங்கனயோ போயிக்கிட்டுத்தான் இருக்கு" என்றாள்.

காய்கறி லாரி

மழை விடாததால் யூனிட்டில் பாதிப் பேர் மெட்ராஸ் திரும்பிவிட்டார்கள். மற்றவர்கள் இரண்டு வாரமாக வெயிலுக்குக் காத்துக் கிடந்தோம். பாவூர்சத்திரம் சந்தையிலிருந்து எங்களுக்குக் காய்கறி கொண்டுவருகிற லாரிக்காரர் சுடலை என்றொருவர். காய் இறக்குவதற்கு முன்னால் கதையை இறக்குவார்.

"ராமையாண்ணே, சேதி தெரியுமா? சுந்தரபாண்டியபுரத்துல பெரிய வீட்டு மூத்த மருமவ போயிட்டாள்லா."

"என்னய்யா ஆச்சு?"

"ஆளைக் காணும்னு தேடிக்கிட்டுக் கெடந்தாவ. பாத்தா சித்தாத்துல போயிருக்கா. வெள்ளம் வந்த அன்னைக்குத் தென்காசிப் பாலத்துல நின்னு, சொந்தக் கொழுந்தனே பாத்திருக்கான். மூஞ்சி மட்டும் தண்ணிக்கு மேல. தூங்குதாப்ல போனாளாம். தாடையில சூட்டுத் தழும்பு வரைக்கும் பாத்தேன்னு சத்தியம் பண்ணுதான். பொறவு என்ன சந்தேகம்?"

நான் கையிலிருந்த சவரக் கத்தியைக் கீழே வைத்தேன். மாவாட்டிக்கொண்டிருந்த பூரணத்தின் கை நின்றுவிட்டது.

"எடுத்தாவளா?" என்றார் ராமையா.

"அந்தத் தண்ணியில யாரு எறங்குவா? ஆளு அகப்படலை. தர்ப்பைப் புல்லுல உருவம் செஞ்சு, சேலை சுத்தி எரிச்சாச்சு. நாளைக்குப் பதினாறு. இந்தா மேல கெடக்கே, இம்புட்டுக் கத்திரிக்காயும் பூசணியும் அந்த வீட்டுக்குத்தான். ஏ தாயி, அந்த மூட்டையைச் சத்த பிடி. அடியில உங்க காய் இருக்கு."

பூரணம் எழுந்து போய், தன் காரியத்துக்குப் போகிற மூட்டையை ஒரு பக்கம் பிடித்துத் தூக்கி நகர்த்திக் கொடுத்தாள். கழுத்துத் தலைப்பு நழுவாமல் பல்லால் கடித்துக்கொண்டாள். மூட்டையை வைத்த பிறகுதான் கேட்டாள்:

"அந்தப் பிள்ளைக்குப் பெத்த அம்மை உண்டுமா?"

"அதை ஏன் கேக்க? அச்சன்புதூர்லேருந்து வந்து கட்டையாக் கெடக்கா கெழவி. கஞ்சித் தண்ணி எறங்கலை. மகளுக்குப் பின்னாலயே போயிருவான்னு பேசிக்கிடுதாவ."

லாரி போன பிறகும் பூரணம் அங்கேயே நின்றாள்.

"தண்ணிக்கு ஒண்ணு குடுத்தாச்சு. நெருப்புக்கு ஒண்ணு குடுத்தாச்சு" என்றாள். "மிச்சம் இருக்கது நான் மட்டுந்தான் அண்ணாச்சி."

ஆட்டுரலுக்கு முன்னால் போய் உட்கார்ந்தாள்.

"இப்ப என்னை யாரும் தேட மாட்டாவ. இனிமே அந்த வீட்டுக்கு நான் போக வேண்டாம். ஆனா எங்க அம்மை..."

யாரையாவது அனுப்பிச் சொல்லலாம் என்றேன். அந்த வீட்டில் கொழுந்தன் காதில் விழாமல் யாரும் அம்மாவிடம் நெருங்க முடியாது என்றாள். வேறு யார் சொன்னாலும் அம்மா நம்பாது, தன் குரலைக் கேட்டால்தான் நம்பும் என்றாள். அவள் நேரே போய் நின்றால் மறுபடி அந்த அடுப்பு, அந்தக் கரண்டி. போகாவிட்டால் அம்மா செத்துப்போகும்.

அந்த முகத்தைச் செய்து ஆற்றில் விட்டது என் கை. அதனால் நான்தான் சொன்னேன்: "இன்னொரு முகம் செஞ்சு தாரேன். நாளைக்குப் போவோம்."

பதினாறாம் நாள்

விடிந்ததும் உட்கார வைத்தேன். கன்னத் தோலை இழுத்துப் பிடித்துக்கொண்டு பசை தடவி, மெல்லிய பஞ்சை ஒட்டி, காய்ந்த பிறகு விட்டால் சுருக்கம் தானாக விழும். அதன் மேல் பவுடர். தலைக்கு வெள்ளை. புறங்கையிலும் நரம்பு எழுப்பினேன். தழும்பின் மேல் மட்டும் இரட்டைப் பஞ்சு.

ஸ்டூடியோ விளக்கில் யாரையும் நம்பவைக்கலாம்; பகலில் அது நடக்காது. அன்றைக்கு வானம் மூடாப்பு போட்டிருந்தது ஒரு வகையில் நல்லது. இன்னொரு வகையில் பயம். ஈரம் பட்டால் பசை விடும்.

ராமையா அவளைப் பார்த்துவிட்டு, "யாரு ஆச்சி, புதுசா?" என்றார். அது போதும் என்று நினைத்தேன்.

சுந்தரபாண்டியபுரத்துப் பெரிய வீட்டு வாசலில் கொழுந்தன் துண்டை உதறியபடி நின்றான். "எந்தூரு?"

"புளியரைப் பக்கம். எங்க அம்மை. காது கேக்காது. வைத்தியத்துக்கு இந்தப் பக்கம் வந்தோம்" என்றேன்.

"சரி சரி, உக்காரச் சொல்லும். இன்னைக்கு வந்த யாரையும் பட்டினியா அனுப்பக் கூடாது" என்று உள்ளே கை காட்டினான். தன் மயினியை, சொந்த அண்ணன் மனைவியை, பந்தியில் உட்கார வைத்ததே அவன்தான்.

ஓலைப் பந்தலில் எதிரெதிராக இரண்டு வரிசை. இந்த வரிசையில் நான், எதிர் வரிசையில் அவள். அவளுக்குப் பக்கத்தில் இரண்டு பெண்கள் தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"மாப்பிள்ளைக்கு ஆவணியிலயே கட்டி வைக்க வேற பொண்ணு பாத்துட்டாவளாம்லா."

"அதுக்குள்ளயாட்டி? சாம்பல் ஆறலையே."

"நீ வேற. புல்லு எரிஞ்ச சாம்பல் ஆற எம்புட்டு நேரமாவும்?"

பூரணம் இலையைப் பார்த்தபடியே இருந்தாள். எனக்கு அவளுடைய தாடையின் மேல்தான் கண். பந்தல் ஓலையிலிருந்து சாரல் நீர் சொட்டியது. ஒரு சொட்டு அவள் காதோரம் விழுந்தது. இன்னொன்று. பஞ்சின் ஓரம் மெல்ல எழும்புவதைப் பார்த்தேன். நடுவில் பந்தி. எழுந்து போனால் எல்லோரும் பார்ப்பார்கள். அவளுக்கோ தெரியவே இல்லை.

அப்போது சோற்றுப் பாத்திரத்தோடு பூரணத்தின் அம்மா வந்தார். கையைப் பிடித்து யாரோ தடுத்தார்கள். "என் மக பேரைச் சொல்லிப் போடுத சோறு. நாந்தான் போடுவேன்" என்றார். ஒட்டி உலர்ந்த உடம்பு. ஒவ்வொரு இலைக்கும் குனிந்து நிமிர மூச்சு வாங்கியது.

பூரணத்தின் இலைக்கு முன்னால் குனிந்தார்.

அப்படியே நின்றுவிட்டார்.

சோறு இலைக்கு வெளியே மண்ணில் விழுந்தது. பஞ்சு விட்ட இடத்தில் பிறையின் ஒரு முனை வெளியே தெரிந்ததை எதிர் வரிசையிலிருந்தே நான் பார்த்தேன். அம்மாளின் கண் அங்கேதான் இருந்தது. பூரணத்தின் உதடு அசையப் போனது.

"என்ன அத்தே, சோறு மண்ணுல விழுதுல்லா?" என்று கேட்டுக்கொண்டே கொழுந்தன் இந்தப் பக்கம் வந்தான்.

"கை நடுங்குது எய்யா" என்றார் அந்த அம்மாள். பாத்திரத்தைக் கீழே வைத்தார். கிழவி வேஷத்திலிருந்த பூரணத்தின் முந்தானையை எடுத்துத் தலையில் போட்டு, இடது காதை மூடி, தாடைக்குக் கீழே சுற்றி இறுக்கிச் செருகினார். "சாரல் அடிக்கி ஆச்சி. நல்லா மூடிக்கிடு" என்றார். பாத்திரத்தை எடுத்துக்கொண்டு அடுத்த இலைக்குப் போனார்.

திரும்பிப் பார்க்கவே இல்லை. எனக்கே சந்தேகமாகிவிட்டது. தெரிந்துதான் மூடினாரா, இல்லை யாரோ கிழவிக்குக் குளிருகிறது என்று மூடினாரா?

வரிசை முடிந்ததும் அவர் பூரணத்துக்குப் பக்கத்தில் வந்து தரையில் உட்கார்ந்தார். "எனக்கும் ஒரு இலை போடுங்க" என்றார்.

பந்தல் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. "அத்தை சாப்பிடுதாவளே!" என்று கொழுந்தன் வாயைப் பிளந்தான். இரண்டு பேரும் பேசாமல் சாப்பிட்டார்கள். ஒருவர் மென்றபோது மற்றவரும் மென்றார். நான் சாப்பிட்டேனா என்று நினைவில்லை.

வாசலில்

நம் பக்கத்தில் துட்டி வீடு என்கிற சாவு வீட்டிலிருந்து கிளம்பும்போது யாரும் 'போயிட்டு வாரேன்' என்று சொல்வதில்லை. வீட்டுக்காரரும் 'போயிட்டு வா' என்று சொல்வதில்லை. அந்த வீட்டில் அந்தச் சொல்லே ஆகாது. சொல்லாமல் இறங்கி, திரும்பிப் பாராமல் நடக்க வேண்டும். நாங்களும் அப்படித்தான் இறங்கினோம்.

"ஆச்சி" என்று பின்னால் குரல் கேட்டது.

வாசல்படியில் அந்த அம்மாள் நின்றார். ஊரெல்லாம் கேட்கிற மாதிரி, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார்:

"போயிட்டு வா."

"துட்டி வீட்டுல என்ன பேச்சு அத்தே இது?" என்று கொழுந்தன் அதட்டினான்.

"வயசாளுகிட்ட வாய் தவறி வந்துட்டு எய்யா" என்றார். வாய் தவறியவர் முகம் அல்ல அது.

அந்த அம்மாள் பிறகு ராமேசுவரம் போவதாகச் சொல்லி அச்சன்புதூரிலிருந்து கிளம்பியவர், மெட்ராஸில் எங்கள் ஸ்டூடியோத் தெருவில் மகளோடு கடைசிவரை இருந்தார். அதை வேறொரு நாள் எழுதலாம். எனக்கு இந்த வாரத்துக்கு நாங்கள் திரும்பி வந்த பஸ் போதும்.

தென்காசி பஸ்ஸில் ஆளே இல்லை. ஜன்னல் வழியே சாரல் அடித்து, பூரணத்தின் முகத்திலிருந்து கிழவி துண்டு துண்டாகக் கழன்றுகொண்டிருந்தாள். சுருக்கங்களை அவள் உள்ளங்கையில் சேர்த்து வைத்துக்கொண்டாள். பாலத்தின் மேல் பஸ் ஏறியதும் கையை வெளியே நீட்டி விரித்தாள். கீழே சிற்றாறு இன்னும் கலங்கலாகத்தான் ஓடியது. அந்த மெழுகு முகம் எந்த மடையில், எந்த வேரில் மாட்டிக் கிடக்கிறதோ, இன்றுவரை யாரும் பார்த்ததாகச் சொல்லவில்லை.

"அண்ணாச்சி" என்றாள். "அன்னைக்குச் சிரிக்கச் சொன்னியளே, வரலைன்னு சொன்னேன்லா. இப்ப வருது."

என் பெட்டியில் கேமரா ஏது? முகம் பார்க்கிற கண்ணாடிதான் இருந்தது. அதை எடுத்து அவளுக்கு நேரே பிடித்தேன்.